கழகம் தர வேண்டிய பணத்தை நீங்கள் ஏன் கட்ட வேண்டும்?

திருகோணமலை நகரை அண்டிய ஓர் ஊரிலிருந்து 23 வயது இளைஞர் ஒருவர் நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். அவரை அடையாளம் காட்டக்கூடிய விபரங்களை விட்டுவிட்டுச் சுருக்கமாகத் தருகிறேன்.

உயரம் 6 அடி 6 அங்குலம். கூடைப்பந்தாட்டத்தில் சென்டர், அதாவது வளையத்துக்கு அருகே நின்று ஆடுபவர். பாடசாலைக் காலத்திலேயே மாகாண மட்டத்தில் பெயர் எடுத்தவர், தேசிய அணியின் பயிற்சி முகாமுக்கும் ஒரு தடவை அழைக்கப்பட்டவர். இப்போது கொழும்பில் ஒரு தனியார் நிறுவனத்தின் களஞ்சியப் பிரிவில் நிரந்தர வேலை. மாதம் 85,000 ரூபா. நிறுவன அணிக்காகவும் விளையாடுகிறார். அவருடைய ஆட்டத்தின் காணொளிகளை முகநூலில் பார்த்ததாக ஒரு முகவர் தொடர்பு கொண்டிருக்கிறார். வளைகுடா நாடொன்றின் கழகத்தில் ஏழு மாதப் பருவத்துக்கு இடம் இருக்கிறதாம், மாதம் 1,500 டொலர். அதற்காக விசா, விமானச் சீட்டு, 'பதிவு' என்று 9 இலட்சம் ரூபா முன்கூட்டியே கட்ட வேண்டும். முதலில் சுற்றுலா விசாவில் போனால் போதும், அங்கே போய் மாற்றிக்கொள்ளலாம் என்கிறார் முகவர். கடிதக்காரரின் 17 வயதுத் தம்பியும் உயரமான பையன். அவனையும் கூட்டிக்கொண்டு வந்தால் இருவருக்கும் சேர்த்து 14 இலட்சத்துக்கு முடித்துத் தருவாராம். அப்பா கடற்றொழிலை விட்டு இரண்டு வருடம், உடம்புக்கு முடியவில்லை. அம்மா காணி உறுதியை ஈடு வைக்கத் தயாராகிவிட்டார். ராஜினாமாக் கடிதமும் எழுதியாகிவிட்டது. "இலங்கைக் கூடைப்பந்தாட்டச் சம்மேளனத்துக்குத் தெரிந்தால் தடுத்துவிடுவார்கள் என்று முகவர் சொல்கிறார். யாருக்கும் சொல்லாமல் போகலாமா? அங்கே நன்றாக ஆடினால் அமெரிக்காவின் என்.பி.ஏ. லீக்கின் கண்ணிலும் படலாம் அல்லவா?" என்று கேட்கிறார்.

தம்பி, ராஜினாமாக் கடிதத்தை இன்னும் கொடுக்கவில்லை என்றால் கொடுக்காதீர்கள். கொடுத்துவிட்டீர்கள் என்றால் நாளைக் காலையே போய், மீளப்பெற முடியுமா என்று கேளுங்கள். மற்றதை எல்லாம் ஆறுதலாகப் பேசலாம்.

வெளிநாட்டில் விளையாடும் ஆசை தவறு என்று நான் சொல்லப் போவதில்லை. திருமலைப் பிள்ளைக்கு இந்த விளையாட்டு அந்நியமும் இல்லை. யூஜின் ஹேபர் அடிகளார் போன்ற அமெரிக்க இயேசு சபைத் துறவிகள் திருகோணமலையிலும் மட்டக்களப்பிலும் பையன்களுக்குப் பந்தைப் பிடிக்கப் பழக்கிய காலத்திலிருந்தே அது கிழக்கின் விளையாட்டு. அந்த அடிகளார் 1990 ஓகஸ்ட் 15 ஆம் திகதி வாழைச்சேனையிலிருந்து மட்டக்களப்புக்குத் திரும்பும் வழியில் காணாமல் ஆக்கப்பட்டார். அவர் பழக்கிய பையன்கள் இன்று தாத்தாமார். அவர்கள் கையிலிருந்து உங்கள் தலைமுறைக்கு வந்த விளையாட்டை நீங்கள் ஒரு தொழிலாகச் செய்ய நினைப்பது எனக்கு மகிழ்ச்சி. ஆனால் தொழில் என்றால் சம்பளம் கழகத்திலிருந்து உங்களுக்கு வர வேண்டும். உங்கள் விடயத்தில் பணம் உங்கள் வீட்டிலிருந்து முகவருக்குப் போகிறது. என்னைக் கலங்கவைப்பது அதுதான்.

நீங்கள் அனுப்பிய நான்கு பக்கங்கள்

'ஒப்பந்தம்' என்று நீங்கள் இணைத்திருந்ததை வரிக்கு வரி வாசித்தேன். மூன்றாவது பந்தியில் சம்பளம் "1,500 அமெரிக்க டொலர் வரை" என்று இருக்கிறது. அந்த "வரை" இருக்கும்வரை அவர்கள் 300 டொலர் தந்தாலும் ஒப்பந்தத்தை மீறியதாகாது. ஐந்தாவது பந்தியில், வந்து சேர்ந்த பிறகு 30 நாட்கள் தகுதிகாண் காலம், அந்த நாட்களில் தங்குமிடம் மட்டும் வழங்கப்படும் என்கிறார்கள். சம்பளம் இல்லை, திரும்பிவர விமானச் சீட்டும் இல்லை. எட்டாவது பந்தியில் உங்கள் கடவுச்சீட்டு "முகாமைத்துவத்தின் பாதுகாப்பில்" இருக்கும். ஊழியரின் கடவுச்சீட்டைத் தொழில் தருபவர் பிடித்து வைப்பதை வளைகுடா நாடுகள் பலவற்றின் சட்டமே தடை செய்கிறது. சட்டத்துக்கு மாறான ஒன்றைத் துணிந்து எழுத்திலேயே போடுகிறவர்கள், எழுதாத விடயங்களில் எப்படி நடப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

கடைசிப் பக்கத்தையும் திருப்பிப் பாருங்கள். அங்கே இரண்டு கையொப்பத்துக்குத்தான் இடம் இருக்கிறது: ஒன்று நீங்கள், மற்றது முகவர். கழகத்தின் சின்னம் மேலே அச்சாகியிருக்கிறது, ஆனால் கழகத்தின் சார்பில் யார் ஒப்பமிடுகிறார், அவர் என்ன பதவியில் இருக்கிறார் என்று எங்கேயும் இல்லை. ஆகவே, தம்பி, இது கழகத்துக்கும் உங்களுக்கும் இடையிலான ஒப்பந்தமே அல்ல. நாளைக்கு அந்தக் கழகம் "இவரை எங்களுக்குத் தெரியாது" என்று சொன்னால் அதை மறுக்க உங்கள் கையில் ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லை. கழகம் என்று ஒன்று உண்மையில் இருக்கலாம். உங்களை அவர்கள் கேட்டார்கள் என்பதற்கு மட்டும் இந்த நான்கு பக்கத்தில் சான்று கிடையாது.

முகவருக்கு எவ்வளவு, யார் கொடுப்பது?

சர்வதேசக் கூடைப்பந்தாட்டச் சம்மேளனமான ஃபிபா, ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டுக்கு வீரர்களை மாற்றிவிடும் முகவர்களுக்கு உரிமம் வழங்குகிறது. உரிமம் பெற்றவர்களின் பெயர்ப் பட்டியல் ஃபிபாவின் இணையத்தளத்தில் எல்லோரும் பார்க்கக் கூடியதாக இருக்கிறது. உங்கள் முகவரின் முழுப் பெயரைக் கடவுச்சீட்டில் உள்ளபடி கேட்டு வாங்கி அதில் தேடுங்கள். பெயரைத் தர அவர் தயங்கினால் அதற்குமேல் அவருடன் பேச வேண்டிய தேவை இல்லை.

ஃபிபா விதிப்படி முகவரின் கட்டணம் வீரரின் சம்பளத்தில் 10 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது. உங்கள் காகிதத்தில் 20 சதவீதம். அதுவும் 9 இலட்சம் வாங்கிய பிறகு. பல நாடுகளில் இந்தப் 10 சதவீதத்தையும் வீரரின் கையிலிருந்து எடுக்காமல் கழகமே தனியாக முகவருக்குக் கொடுப்பதுதான் வழக்கம். வீரர் ஆடிச் சம்பளம் வந்தால்தான் முகவருக்கு வருமானம். அதனால்தான் நல்ல முகவர், சம்பளம் ஒழுங்காகத் தருகிற கழகமாகத் தேடுவார். முதலிலேயே 9 இலட்சத்தை எடுத்துக்கொண்டவருக்கு, நீங்கள் அங்கே ஒரு ஆட்டம் ஆடினாலும் ஒன்று, ஆடாவிட்டாலும் ஒன்று.

நம் நாட்டுச் சட்டத்தையும் சொல்லிவிடுகிறேன். 1985 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டப்படி, வெளிநாட்டு வேலைக்கு ஆள் சேர்ப்பவர் வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தின் அனுமதிப்பத்திரம் வைத்திருக்க வேண்டும். அது இல்லாமல் பணம் வாங்குவது குற்றம். "இது விளையாட்டு, வேலை இல்லை" என்று அவர் சொல்லக்கூடும். சம்பளத்துக்கு விளையாடினால் அது வேலைதான். அனுமதிப்பத்திர இலக்கம் சரியா என்று பணியகத்தின் 1989 இலக்கத்துக்கு அழைத்துக் கேட்கலாம்.

இனி கணக்கைப் பாருங்கள். ஒரு டொலர் 300 ரூபா என்றே வைத்துக்கொள்வோம். சொன்ன சம்பளம் முழுவதும் ஏழு மாதமும் வந்தால் 10,500 டொலர். முகவருக்கு 20 சதவீதம், அதாவது 2,100 போனால் மிச்சம் 8,400. நீங்கள் கட்டிய 9 இலட்சம் 3,000 டொலர். அதையும் கழித்தால் 5,400, நம் காசில் சுமார் 16 இலட்சம். இதிலிருந்துதான் ஈட்டு வட்டியும் கட்ட வேண்டும், சாப்பிடவும் வேண்டும், பருவம் முடிந்த பிறகு ஐந்து மாதம் வேலை இல்லாமல் இருக்கவும் வேண்டும். தகுதிகாண் மாதத்தின் சம்பளத்தை நான் இதில் கழிக்கவே இல்லை. இங்கே உங்களுக்கு வருடத்துக்கு 10 இலட்சத்துக்கு மேல் சம்பளம், அதற்கு மேல் நிறுவனம் உங்கள் பெயரில் ஊழியர் சேமலாப நிதிக்குக் கட்டும் 12 சதவீதம். உங்கள் அம்மா மனதில் போட்டிருக்கும் கணக்கு 1,500 ஐ 300 ஆல் பெருக்கியதோடு நின்றுவிட்டது. இதையும் அவருக்கு எழுதிக் காட்டுங்கள்.

சம்மேளனம் தடுத்துவிடுமா?

முகவர் உங்களைப் பயம் காட்டுவது இந்த இடத்தில்தான். நடைமுறை நீங்கள் நினைப்பதற்கு நேர்மாறானது. ஒரு நாட்டில் பதிவான வீரர் இன்னொரு நாட்டுக் கழகத்துக்கு ஆட வேண்டுமானால், முன்னைய நாட்டின் சம்மேளனம் 'விடுவிப்புக் கடிதம்' கொடுக்க வேண்டும். ஆங்கிலத்தில் லெட்டர் ஒஃப் கிளியரன்ஸ் என்பார்கள். அது இல்லாமல் அங்குள்ள சம்மேளனம் உங்களைப் பதிவு செய்யாது. ஆகவே யாருக்கும் சொல்லாமல் போனால் கழகத்தின் பேருந்தில் ஏறலாம், பயிற்சியில் ஓடலாம், ஆட்டத்தில் மட்டும் இறங்க முடியாது.

அந்தக் கடிதத்தைச் சம்மேளனம் தன் விருப்பத்துக்கு மறுக்கவும் முடியாது. வீரர் ஏற்கெனவே ஒரு கழகத்துடன் இன்னும் முடியாத ஒப்பந்தத்தில் இருக்கிறார் என்பது மட்டுமே ஃபிபா ஏற்கும் காரணம். தேசிய முகாமுக்கு வரவில்லை, பயிற்றுநருக்கு மனவருத்தம் என்பதெல்லாம் எடுபடாது. அதனால் உங்கள் நியமனக் கடிதத்தை எடுத்துப் பாருங்கள். நிறுவன அணிக்காக இத்தனை வருடம் விளையாட வேண்டும் என்று அதில் இருந்தால் அதை முதலில் பேசித் தீர்க்க வேண்டும். அப்படி ஒன்றும் இல்லை என்றால் சம்மேளனத்தைக் கண்டு நீங்கள் ஒளிய வேண்டியதில்லை. சொல்லப்போனால், அந்தக் கழகம் உங்களை உண்மையில் கேட்கிறதா என்று செலவில்லாமல் விசாரித்துத் தரக்கூடிய இடமும் அதுதான்.

உங்கள் தம்பியின் விடயம் இன்னும் தெளிவு. 18 வயது நிறையாத வீரரை நாடு விட்டு நாடு மாற்றுவதை, சில விசேட சந்தர்ப்பங்கள் தவிர, ஃபிபா அனுமதிப்பதில்லை. இது தெரியாதவர் முகவராக இருக்க முடியாது. தெரிந்துகொண்டு 17 வயதுப் பையனுக்கு விலை பேசுகிறவரிடம் நான் என் பிள்ளையை ஒப்படைக்க மாட்டேன். உங்கள் தம்பியையும் ஒப்படைக்க விடமாட்டேன். அவன் உயர்தரப் பரீட்சையை எழுதட்டும்.

சுற்றுலா விசா

இதில் நீட்டி எழுத ஒன்றுமில்லை. சுற்றுலா விசாவில் போய்ச் சம்பளத்துக்கு ஆடுவது அங்கே சட்டவிரோத வேலை. பிடிபட்டால் தண்டப்பணம், தடுப்பு, நாடுகடத்தல். சம்பளம் தராவிட்டாலும் தொழிலாளர் அலுவலகத்தில் போய் நிற்க உங்களுக்குப் பயமாக இருக்கும். பணியகத்தில் பதியாமல் போவதால் பதிவோடு வரும் காப்புறுதியும் இல்லை.

என்.பி.ஏ. கனவு

இதை உங்களிடம் மறைப்பது நியாயமில்லை. என்.பி.ஏ. அணிகள் ஆண்டுதோறும் முறை வைத்துப் புதிய வீரர்களைத் தெரிவு செய்வதைத்தான் தேர்வு (ட்ராஃப்ட்) என்கிறோம். அமெரிக்காவுக்கு வெளியே ஆடும் வீரர், 22 வயதாகும் ஆண்டில் தானாகவே அந்தத் தேர்வுப் பட்டியலுக்குள் வந்துவிடுவார். உங்களுக்கு 23. அந்தத் தேர்வு உங்களைக் கடந்து போய்விட்டது. இனி யாரும் உங்களைத் தேர்வில் எடுக்க முடியாது, நேரடியாக ஒப்பந்தம் செய்யத்தான் முடியும். பஞ்சாபின் சத்னம் சிங் 7 அடி 2 அங்குலம். 2015 இல் டல்லஸ் மாவெரிக்ஸ் அவரை 52 ஆவது இடத்தில் தேர்ந்தெடுத்தது. தேர்வில் எடுக்கப்பட்ட முதல் இந்தியர் அவர். ஆனாலும் என்.பி.ஏ.யில் ஒரு ஆட்டம்கூட ஆடவில்லை. இரண்டாம் தர லீக், பிறகு கனடா என்று போனார். பின்னர் ஊக்கமருந்துப் பரிசோதனையில் சிக்கி இரண்டு வருடத் தடை வாங்கினார்.

சிக்கியதைச் சொல்லக் காரணம் இருக்கிறது. எட்டுக் கிலோ எடை கூட்டச் சொல்லி முகவர் அனுப்பிய தூளைக் குடிப்பதாக எழுதியிருக்கிறீர்கள். டப்பாவில் என்ன எழுதியிருந்தாலும், உங்கள் சிறுநீரில் தடைசெய்யப்பட்ட பொருள் வந்தால் பொறுப்பு உங்களுடையது. தெரியாமல் குடித்தேன் என்பது தண்டனையைக் குறைக்க உதவலாம், குற்றத்தை இல்லாமல் ஆக்காது. இன்றைக்கே நிறுத்துங்கள். டப்பாவை வீசாதீர்கள், எடுத்து வையுங்கள். இலங்கை ஊக்கமருந்துத் தடுப்பு முகவரகத்திடம் கேட்ட பிறகுதான் இனி எதையும் குடிக்க வேண்டும்.

வெளிநாட்டுத் தொழில் எப்படி இருக்கும் என்று தெரிந்துகொள்ள அமெரிக்க வீரர் பி.ஜே. டக்கரின் பாதையைப் பாருங்கள். 2006 இல் டொரொன்டோ அணி அவரைத் தேர்ந்தெடுத்து, அடுத்த வருடமே விட்டுவிட்டது. பிறகு இஸ்ரேல், உக்ரைன், கிரேக்கம், இத்தாலி, ஜேர்மனி என்று நாடு நாடாக ஆடினார். 2012 இல்தான் என்.பி.ஏ.க்குத் திரும்பினார். 2021 இல் மில்வோக்கி அணியோடு சம்பியன். டெக்சஸ் பல்கலைக்கழகத்தில் ஆடிப் பழகிய, என்.பி.ஏ. அணி ஒன்று எடுத்த மனிதருக்கே திரும்பிவர ஐந்து வருடம் பிடித்தது.

இன்னொரு விடயம் உங்களிடம் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். பெரும்பாலான லீக்குகளில் வெளிநாட்டு வீரர்களுக்கு இடம் எண்ணிக்கைக்குத்தான். அந்த ஒன்றிரண்டு இடத்துக்கு அமெரிக்கரும் சேர்பியரும் வரிசையில் நிற்கிறார்கள். 2020 இல் ஜப்பானின் பி லீக் ஆசிய வீரருக்கென்று தனி இடம் திறந்தது. அதில் முதலில் போனவர் பிலிப்பைன்ஸின் தேர்டி ரவேனா. அந்த ஏற்பாடு தொடங்கியபோது இடம் பெற்ற நாடுகளில் இலங்கை இல்லை. ஆகவே கழகத்திடம் நேரடியாகக் கேளுங்கள்: என்னை எந்த இடத்தில் பதிகிறீர்கள், அந்த இடத்துக்கு இந்தப் பருவத்தில் வேறு யார் இருக்கிறார்கள்? இந்தக் கேள்விக்கு உண்மையான கழகத்தின் முகாமையாளர் ஒரு வரியில் பதில் தருவார்.

ஒப்பந்தத்தில் இருக்க வேண்டியவை

சரி, கழகம் உண்மையானது, கேட்பதும் உங்களைத்தான் என்று வைத்துக்கொள்வோம். அப்படியானால் போகலாம், நானே போங்கள் என்பேன். ஆனால் இவை எழுத்தில் வர வேண்டும்.

சம்பளம் ஒரே தொகையாக, வரி கழித்து உங்கள் கைக்கு வரும் தொகையாக, எந்தத் திகதியில் வங்கியில் விழும் என்பதோடு. மருத்துவப் பரிசோதனை வந்து இறங்கிய இரண்டு மூன்று நாட்களுக்குள் முடிய வேண்டும். அதில் தேறிய பிறகு ஆட்டம் பிடிக்கவில்லை என்று அனுப்பினாலும் மிச்சச் சம்பளம் தர வேண்டும். தொழில் விசாவும் இரு வழி விமானச் சீட்டும் கழகத்தின் செலவில்.

காயம் பற்றிய பந்தியைத்தான் நான் எப்போதும் முதலில் தேடிப் பார்ப்பேன். உங்களைப் போல வளையத்துக்குக் கீழே நின்று துள்ளி இறங்குகிறவர்களுக்கு முழங்கால்தான் முதல். முன் சிலுவைத் தசைநார் அறுந்தால் சத்திரசிகிச்சை செய்து திரும்ப ஒன்பது மாதம், ஒரு வருடம் ஆகும். உங்கள் பருவமே ஏழு மாதம். ஆடும்போது காயப்பட்டால் சிகிச்சைச் செலவும் ஒப்பந்தம் முடியும்வரை சம்பளமும் கழகத்துடையது என்று எழுதாவிட்டால், ஊன்றுகோலோடு கட்டுநாயக்காவில் இறங்குவீர்கள்.

கடைசியாக, பிணக்கு வந்தால் அது கூடைப்பந்தாட்ட நடுவர் தீர்ப்பாயத்துக்குப் போகும் என்ற பந்தி. 2007 இல் ஃபிபா உருவாக்கியது, ஜெனீவாவை இருக்கையாகக் கொண்டது. பெரும்பாலும் ஆவணங்களை வைத்தே விசாரிப்பார்கள், நீங்கள் அங்கே போக வேண்டியதில்லை. ஒரே நடுவர், நாட்டுக்கு நாடு மாறும் சட்டத்தைத் துருவாமல் நியாயம் எது என்று பார்த்துத் தீர்ப்புச் சொல்வார். தீர்ப்பின்படி பணம் கட்டாத கழகத்துக்குப் புதிய வீரர்களைப் பதிய ஃபிபா தடை போடலாம். கழகங்கள் அஞ்சுவது அதற்குத்தான். ஆனால் ஒப்பந்தத்தில் அந்தப் பந்தி இருந்தால்தான் தீர்ப்பாயம் உங்கள் வழக்கைத் தொடும். கட்டணமும் உண்டு, அதைத் தொடக்கத்திலேயே கட்ட வேண்டும். சிறிய தொகைக்கு அது பாரமாகத்தான் இருக்கும். அதனால் முதல் மாதச் சம்பளத்தை முற்பணமாகக் கேளுங்கள்.

இப்போது செய்ய வேண்டியது

இன்று இரவே கழகத்தின் அதிகாரபூர்வ முகவரிக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்புங்கள். முகவர் தந்த முகவரிக்கு வேண்டாம். அந்த நாட்டுச் சம்மேளனத்தின் இணையத்தளத்தில் கழகத்தின் தொடர்பு இருக்கிறதா என்று பாருங்கள், இல்லாவிட்டால் சம்மேளனத்துக்கே எழுதிக் கேளுங்கள். "இன்ன பெயருடைய முகவர் உங்கள் சார்பில் என்னிடம் பேசுகிறார். நீங்கள் அவருக்கு அதிகாரம் கொடுத்திருக்கிறீர்களா? எனக்கான விடுவிப்புக் கடிதத்துக்கு விண்ணப்பிப்பீர்களா?" இவ்வளவு போதும். முகவரின் வட்ஸ்அப் செய்திகள், குரல் பதிவுகள் எதையும் அழிக்காதீர்கள். ஏதாவது பணம் ஏற்கெனவே கொடுத்திருந்தால் வங்கிச் சீட்டோடு பணியகத்தில் முறைப்பாடு செய்யுங்கள். பொலிஸிலும் செய்யலாம்.

கழகத்திடமிருந்து நல்ல பதில் வந்தால், உங்கள் நிறுவனத்தின் மனிதவளப் பிரிவில் ஏழு மாதச் சம்பளமற்ற விடுமுறைக்கு எழுத்தில் கேளுங்கள். உங்கள் அணிப் பயிற்றுநரையும் கூட்டிக்கொண்டு போய்ப் பேசுங்கள். வெளிநாட்டில் ஒரு பருவம் ஆடிவிட்டு வரும் சென்டர் அவர்களுக்கும் இலாபம்தான். விடுமுறைக்கு அவர்கள் ஒத்துக்கொண்ட பிறகு, கழகம் ஒப்பமிட்ட வரைவை எனக்கு அனுப்புங்கள். நீங்கள் கையொப்பம் வைக்கும் முன் நான் வாசித்துப் பதில் தருகிறேன். அதற்குக் கட்டணம் எதுவும் வேண்டாம்.